உன் நெற்றியில் நான் பூசிய திருநீறு

உன் முதலாண்டு நினைவு அட்டை இன்று காலை வந்தது. உறைக்குள் ஒரு திருநீற்றுப் பொட்டலமும் வைத்திருந்தார் உன் அண்ணன். உன் படத்துக்குக் கீழே, 'இறுதியில் இறைவன்பால் திரும்பியவர்' என்று அச்சிட்டிருந்தது. படித்ததும் பொட்டலத்தைப் பிரிக்காமல் உறைக்குள்ளேயே திருப்பி வைத்தேன்.

நீ எப்போது அவனை விட்டு விலகினாய், திரும்புவதற்கு?

மாரண்டஹள்ளியிலிருந்து பாலக்கோட்டுப் பள்ளிக்குப் பாடம் நடத்த இருவரும் சேர்ந்து போன வருடங்களில், நூலகத்தில் எடுத்த இருத்தலியல் அறிமுக நூல் ஒன்றைப் பேருந்திலேயே நாளுக்கு நாலு பக்கமாகப் படித்தோம். எனக்குப் பாதி புரியாது. நீதான் விளக்குவாய். "நம்பிக்கைங்கறது அவங்கவங்க தனியா நின்னு எடுக்கற முடிவு. எல்லாரும் பண்றாங்க, நானும் பண்ணேன்னு சொன்னா, அங்க நான்னு ஒருத்தி இருக்கேனா?" கோயிலுக்கும் கூட்டம் வடிந்த பிறகே போவாய். திருவிழாவில் உன்னைக் காணாததால், சாமி இல்லை என்பவள் என்று வீட்டில் முடிவு கட்டிவிட்டார்கள்.

நோய் முற்றியபோது என் கையைப் பிடித்துக்கொண்டாய். "யாரையாவது கூட்டியாருவாங்க. எனக்கும் சாமிக்கும் நடுவுல யாரும் வேணாம். என்னால பேச முடியலன்னா நீ சொல்லு."

சொல்கிறேன் என்றேன்.

கூட்டி வந்தார்கள். பட்டு வேட்டியும் சென்ட் நாற்றமுமாக வந்த அந்தச் சாமியார் உன் முகத்துக்கு நேரே குனிந்து, "புஸ்தகம் படிச்ச திமிருக்குத்தான் இந்த நோவு. மன்னிப்புக் கேளு!" என்று கத்தினார். உன்னால் பேச முடியவில்லை. என்னைப் பார்த்தாய். அறையில் எல்லோரும் கைகூப்பி நின்றார்கள். நானும் கூப்பினேன். "நீங்க பூசி வுடுங்க டீச்சர்" என்று சாமியார் என்னிடம் திருநீற்றுத் தட்டை நீட்டினார். பூசினேன். நீ முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாய். மறுநாள் போய்விட்டாய்.

அந்த ஆளைப் பார்த்து அருவருப்பது எளிது. என் விரல்களை என்ன செய்ய?

இன்று அட்டையோடு உன் அண்ணனிடம் போனேன். "இது பொய்ங்க. அவ திரும்புனது சுவத்துப் பக்கம். வேணாம்னு எங்கிட்ட சொல்லியிருந்தா. தெரிஞ்சே பூசுனேன்."

"இப்ப எதுக்குங்க அதெல்லாம்? நாலு பேரு பண்றதத்தான நாமளும் பண்ணோம்?"

"நாலு பேரு இல்லைங்க. நான்."

அவர் உள்ளே போய்விட்டார்.

அன்று சொல்லியிருக்க வேண்டியதை, நீ இல்லாத வீட்டில் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். உனக்கு இனி அதனால் ஒன்றுமில்லை. மன்னிப்புக் கேட்கமாட்டேன். கேட்டால் நீ கொடுத்துவிடுவாய். என்மேல் எனக்குள்ள இந்த அருவருப்பு என்னிடமே இருக்கட்டும்.