ஈசல் மாதம்

அச்சரப்பாக்கம்
மேல்காற்று மாதம், புழுதி அடங்காத ஒரு நாள்

அன்புள்ள மச்சானுக்கு,

ஸ்தோத்திரம். போனில் பேசினால் இரண்டாவது நிமிஷமே சண்டை, இனி கடிதம்தான் என்று நீங்கள் சொன்னபடி எழுதுகிறேன். தேதியும் நம் கணக்கில்தான். சிரிக்க வேண்டாம். கல்யாணமான புதிதில் கோவளத்து வீட்டுச் சுவரில் கரியால் எழுதினோமே: கரையில் ஆமை ஏறினால் ஆமை மாதம், வேம்பு பூத்தால் வேப்பம்பூ மாதம், மழைக்கு ஈசல் பறந்தால் ஈசல் மாதம். தன் கண்ணால் பார்க்காமல் மாதம் பிறக்காது என்று நீங்கள் போட்ட சட்டம் உட்பட, எல்லாம் என்னோடு இந்த ஊருக்கும் வந்துவிட்டது.

விஷயத்துக்கு வருகிறேன். பள்ளிக்கூட வேலையை விட்டு நான் அங்கே வர மாட்டேன். நெம்மேலி கடல்நீர் சுத்திகரிப்பு பிளான்ட்டை விட்டு நீங்கள் இங்கே வர மாட்டீர்கள். நடுவில் திருக்கழுக்குன்றத்தில் ஒரு வீடு பார்த்திருக்கிறேன். ஈசல் மாதம் பிறந்த முதல் ஞாயிறு பெட்டியோடு வாருங்கள், சேர்ந்து போய்ச் சாவி வாங்கலாம். வராவிட்டால் வக்கீலைப் பார்ப்பேன். நினைவுபடுத்தவும் மாட்டேன். கெஞ்சிக் கெஞ்சி அலுத்துவிட்டது.

ஜெனிட்டா

*

கோவளம்
மேல்காற்று மாதம், கடல் கலங்கிய நாள்

அன்பு ஜெனி,

நலம். கடிதத்திலும் பிரம்பைக் கீழே வைக்க மாட்டாயா டீச்சரம்மா? சரி, வருகிறேன். ஈசல் மாதம், முதல் ஞாயிறு.

ஷிப்ட் மாற்றிக்கொள்ள சம்பத்திடம் சொல்லி வைத்தேன். "இன்னா ஆல்வினு, லீவு கேக்குற, தேதி கேட்டா ஈசலு வரட்டும்ங்கற? சூப்பர்வைசர் காதுல வுழுந்தா சிரிப்பாரு" என்கிறான். சிரிக்கட்டும். பரண்மேல் கிடந்த பெட்டியை இறக்கித் துடைத்துவிட்டேன். பூட்டுதான் கொஞ்சம் மக்கர் பண்ணுகிறது.

உன்
ஆல்வின்

*

அச்சரப்பாக்கம்
ஈசல் மாதம், முதல் திங்கள்

மச்சானுக்கு,

புதன்கிழமை இங்கே மழை கொட்டியது. வியாழன் சாயங்காலம் தெருவிளக்கு தெரியாத அளவுக்கு ஈசல். பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவள் குடையை மூடிவிட்டு நடுத்தெருவில் நின்று பார்த்தேன். சந்தோஷமாக இருந்தது. அதைச் சொல்லாமல் இருப்பானேன்?

நேற்று வஞ்சிரம் வாங்கிக் குழம்பு வைத்தேன். வீட்டுக்கார லோகநாயகியம்மா மூன்று தடவை எட்டிப் பார்த்தார். "இன்னாம்மா, சோறாக்கி வெச்சிகினு வாசலையே பாத்துகினு கீற? யாரு வராங்க?" என்று கேட்டார். யாரும் இல்லை என்று சொன்னேன். சொன்ன பிறகு அழுகை வந்துவிட்டது.

வரும் ஞாயிறு செங்கல்பட்டில் வக்கீலைப் பார்க்கிறேன்.

ஜெனிட்டா

*

கோவளம்
ஈசல் மாதம், முதல் திங்கள்

ஜெனி,

என்ன அநியாயம் இது? உன் கடிதம் வந்தபோது இங்கே ஒரு பொட்டு மழை இல்லை. மாதம் பிறக்காமல் முதல் ஞாயிறு எங்கிருந்து வரும்? மதுராந்தகம் பக்கம் மழை என்று சம்பத் சொன்னான்தான். "அங்க ஊத்துதாம்பா, நீ இன்னும் வானத்த பாத்துகினு கீற" என்றான். கேட்டது கணக்கில் சேராது என்பது நாம் இருவரும் ஒப்புக்கொண்டதுதானே?

வெள்ளிக்கிழமை இங்கேயும் பறந்தது. வேளாங்கண்ணி மாதா மேல் ஆணையாக, பார்த்த கையோடு துணியை அடுக்கினேன். வக்கீல் என்று கோபத்தில் எழுதியிருப்பாய், போக மாட்டாய் என்று நம்பி நேற்று பெட்டியோடு வந்தேன். கதவு பூட்டியிருந்தது. "அது வக்கீல பாக்கப் போய்க்கீதுப்பா" என்றார் உன் வீட்டுக்காரம்மா. குடிக்க மோர் கொடுத்தார். சாயங்காலம் வரை படியில் உட்கார்ந்திருந்தேன். பிறகு ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது.

நான் சொன்ன சொல் தவறவில்லை ஜெனி. நீ வேண்டுமானால் மறுபடி எண்ணிப் பார்.

ஆல்வின்

*

அச்சரப்பாக்கம்
10 நவம்பர் 2025, திங்கட்கிழமை

திரு. ஆல்வின் அவர்களுக்கு,

எண்ணிப் பார்த்தேன். உங்கள் கணக்கில் பிழையில்லை. கடற்கரையில் ஈசல் பிந்தித்தான் பறக்கும் போலிருக்கிறது. ஒரே வீட்டில் இருந்துகொண்டு போட்ட மாதங்கள், வேறு ஊர்களுக்குப் பொருந்தாது என்று இரண்டு பேருக்குமே தோன்றவில்லை.

படியில் உட்கார்ந்திருந்ததை லோகநாயகியம்மா சொன்னார். வருத்தமாகத்தான் இருந்தது. ஆனால் ஒன்று கேட்கிறேன். இந்தப் பக்கம் மழை என்று சம்பத் சொன்ன அன்றைக்கே பஸ் ஏறியிருந்தால், ஈசலை உங்கள் கண்ணாலேயே, என் பக்கத்தில் நின்று பார்த்திருக்கலாமே? சட்டமும் கெட்டிருக்காது. எது வருவதானாலும் கோவளத்துக்கு வரட்டும் என்று இருந்துவிட்டீர்கள். என் விஷயத்திலும் அப்படித்தான் இருந்தீர்கள்.

திருக்கழுக்குன்றத்து வீட்டுக்கு வேறு ஆட்கள் குடிவந்துவிட்டார்கள்.

டிசம்பர் 3, புதன்கிழமை, காலை பத்தரை மணி, செங்கல்பட்டு குடும்ப நீதிமன்றம். இது கோவளத்திலும் அச்சரப்பாக்கத்திலும் ஒரே நாளில்தான் வரும். ஆதார் அட்டையை மறக்காமல் எடுத்து வாருங்கள்.

ஜெனிட்டா