நவம்பர் உறையில் உன் பெயர்

அன்புள்ள அண்ணே, செத்த பிறகும் எனக்கு வேலை வைக்கும் அண்ணே,

அக்டோபர் கடைசி வாரம் வந்துவிட்டது. போன ஞாயிறு பூசை முடிந்து வரும்போது கோவில் வாசலில் வெள்ளை உறைகளை அடுக்கி வைத்திருந்தார்கள். ஒன்றை எடுத்து வந்து சாப்பாட்டு மேசையில் வைத்திருக்கிறேன். மேலே 'குடும்பம்' என்று ஓர் இடம், கீழே இறந்தவர்களின் பெயர்களுக்கு இருபது கோடுகள். குடும்பத்துக்கு நேராக அப்பா பெயரை எழுதிவிட்டேன். அதற்குக் கீழே பேனா ஓடவில்லை. வருகிற ஞாயிறு கொடுத்தாக வேண்டும்.

எனக்குப் பிறகு இதை யாராவது எடுத்துப் படிப்பார்கள். அதனால் உனக்குத் தெரிந்ததையும் கொஞ்சம் சொல்வேன், பொறுத்துக்கொள். நவம்பர் நமக்கு உத்தரிக்கிற ஆத்துமாக்களின் மாதம், செத்தும் பாவக்கடன் தீராமல் மோட்சத்துக்குக் காத்திருப்பவர்களின் மாதம். எல்லா உறைகளையும் ஒரு பெட்டியில் போட்டு மாதம் முழுக்கப் பீடத்துக்கு முன்னால் வைத்திருப்பார்கள். கல்லறைத் திருநாளன்று பெயர்களை வாசித்து வேண்டிக்கொள்வார்கள்.

நீ அமெரிக்கா போன பிறகு பூசைக்கே போவதில்லை என்று அம்மா எத்தனை முறை அழுதிருக்கிறாள்! ஆனால் அக்டோபர் வந்தால் உன் போன் தவறாது. "பாப்பா, பேனா எடு." பத்துப் பெயர்கள், எல்லாம் வெள்ளைக்காரப் பெயர்கள். நீ ஒவ்வோர் எழுத்தாகச் சொல்ல நான் எழுதுவேன். யார் என்று கேட்டால், "என் வேலையில எனக்கு முன்னால இருந்தவங்க. இவங்களுக்கு வேண்டிக்க ஆளில்ல" என்பாய். அப்பா, யுத்த காலத்தில் ஜப்பான்காரன் சயாம் ரயில் போடப் பிடித்துக்கொண்டு போய் உயிரோடு திரும்பிய பெரியப்பா, பிறகு அம்மாவும். அவர்களுக்குக் கீழே அந்தப் பத்துப் பேர். வருஷா வருஷம் அப்படித்தான் எழுதினேன்.

நம் கோவிலில் பெயர்களை வாசிக்கும் தெரசா அக்கா ஒருமுறை கோவில் படியில் என்னைப் பிடித்துக்கொண்டார். "ரோசி, உங்க லிஸ்ட்ல இத்தன வெள்ளைக்காரங்க இருக்காங்களே, யாரும்மா? அண்ணன் பொண்டாட்டி வீட்டு ஆளுங்களா?" நீ கல்யாணமே செய்துகொள்ளவில்லை என்பது நாம் வளர்ந்த சுங்கை பினாங்கில் பாதிப் பேருக்குத் தெரியாது. "ஆமாக்கா, சொந்தக்காரங்கதான்" என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டினேன். கோவிலில் நின்று பொய் சொன்னது பல நாள் உறுத்தியது.

உன் வேலை வானிலைக் கணக்கு என்றுதானே சொல்லி வைத்திருந்தாய்? கம்ப்யூட்டரில் புயலைக் கணிப்பது. ஒரு வருஷம் வெள்ளம் வீட்டுக்குள் வந்தபோது அம்மா கட்டிலில் உட்கார்ந்துகொண்டு சொன்னாள்: "எம்மவன் இங்க இருந்திருந்தா முன்னாடியே சொல்லியிருப்பான்லா." போனில் உன்னிடம் அதைச் சொல்லிச் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. லைன் சரியில்லை போல என்று நினைத்துக்கொண்டேன்.

மூன்று வருஷத்துக்கு முன்னால், பெயர்களைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவதற்காகச் சவரிமுத்து சார் கோவிலின் பங்கு அலுவலகத்துக்கு வந்தார். பிசிக்ஸ் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். நம் உறையைக் கையில் வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டார்.

"இவங்க யாருன்னு தெரியுமா ரோசி?"

"அண்ணனோட ஆபீஸ்ல முன்னாடி இருந்தவங்க சார்."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அணுகுண்டு செஞ்சவங்கம்மா. பத்துப் பேருமே."

வீட்டுக்கு வந்ததும் உனக்குப் போன் செய்தேன். நீ மறுக்கவில்லை. "நீயுமா?" என்றேன். "நானும்தான்" என்றாய். குண்டு வெடிக்கும்போது முதல் நொடியின் ஒரு துணுக்கில் அதன் உள்ளே என்ன நடக்கும் என்பதுதான் ஆயுசு பூராவும் நீ போட்ட கணக்கு. நான் கத்தினேன். அம்மா தொண்டை வற்றச் செபமாலை சொன்னது இவர்களுக்கா? குண்டு விழுந்த அந்த இரண்டு ஊர்களில் செத்தவர் ஒருவர் பெயர்கூட உன் பட்டியலில் இல்லையே? "அவங்களுக்கு உலகமே வேண்டுது பாப்பா. இவங்களுக்குத்தான் யாருமில்ல" என்றாய். போனை வைத்துவிட்டேன்.

அந்த நவம்பரில் பத்துப் பெயரையும் விட்டுவிட்டேன். அடுத்த அக்டோபரில் நீ கூப்பிட்டபோது எடுக்கவில்லை. போன் அடித்து அடித்து ஓய்ந்ததை இதே மேசையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அதற்காக என்னை மன்னித்தாயா? கேட்கத் தைரியம் வரவில்லை.

பிறகு கணையத்தில் புற்றுநோய் என்று ஒரே ஒரு பெட்டியோடு நீயே வந்து நின்றாய். கெலுகோரில் என் பிளாட்டின் முன்னறையில் நான்கு மாதம். கோபத்தோடுதான் கஞ்சி வைத்துக் கொடுத்தேன். நீயும் வாங்கிக் குடித்தாய். கொஞ்சம் கொஞ்சமாக அந்தப் பத்துப் பேரின் கதையையும் சொன்னாய். நானும் கேட்காமல் இருக்கவில்லை.

எல்லாரையும் மேய்த்த தொப்பிக்காரர், நாடே தூக்கி வைத்துக் கொண்டாடி, பிறகு அதே நாடு சந்தேகப்பட்டு விசாரித்து ஓரங்கட்டிய மனிதர். ஒரு பகல் வேலையில் கை வழுக்கியவர், நீல வெளிச்சம் ஒன்று மின்னியதைப் பார்த்துவிட்டுச் சில நாட்களில் துடித்துச் செத்தார். இது போதாது, இன்னும் பெரியது வேண்டும் என்று கடைசி வரை நின்றவர். எதிரியிடம் குண்டு இல்லை என்று தெரிந்ததும் பாதியில் எழுந்து போன ஒருவர். அவரைப் பற்றிச் சொல்லும்போது மட்டும் உன் குரல் இறங்கிவிடும். "நான் எழுந்து போகல பாப்பா. நாற்காலி நல்லா இருந்துச்சு."

அப்பாவிடமாவது சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன். அந்தக் குண்டு விழவில்லை என்றால் பெரியப்பா சயாமிலேயே மண்ணாகியிருப்பார் என்று வாழ்நாளெல்லாம் சொன்னவர் அப்பா. "சொல்லியிருந்தா சந்தோஷப்பட்டிருப்பாரு. அதுக்குப் பயந்துதான் சொல்லல" என்றாய்.

"உன்னோடது எங்கயாவது விழுந்திருக்கா?" இதை நான் கேட்க இரண்டு மாதம் ஆனது.

"இல்ல."

"இப்ப எங்க இருக்கு?"

"அங்கதான். தயாரா இருக்கு. நான் போனப்புறமும் இருக்கும்." பிறகு கேட்டாய்: "பாப்பா, அந்தக் கவர்ல உயிரோட இருக்கறவங்க பேர எழுதலாமா?"

"பைத்தியமா உனக்கு? அபசகுனம்!"

"அப்ப நான் யாருக்கு வேண்டிக்கிறது? அது யாரையெல்லாம் கொல்லுமோ, அவங்க இப்ப உயிரோடதான இருக்காங்க. சில பேரு இன்னும் பொறக்கக்கூட இல்ல."

கஞ்சிக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய்விட்டேன். அங்கே நின்றுதான் அழுதேன். அது உனக்குத் தெரியக் கூடாது என்று குழாயைத் திறந்துவிட்டேன்.

கடைசி வாரத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டு ஒன்று கேட்டாய். "அப்பா பக்கத்துல என் பேர எழுதாத. அவங்களோட எழுது. இல்லன்னா எழுதவே வேணாம்." ஏழு மாதமாக அதைத்தான் சுமந்துகொண்டிருக்கிறேன். உன்னை அப்பாவிடமிருந்து பிரித்து எப்படி எழுதுவது? அந்தப் பத்துப் பேரைச் சேர்க்காமல் உன்னை மட்டும் எழுதினால் அது அந்த வானிலைக் கணக்கு மாதிரி இரண்டாவது பொய் ஆகிவிடாதா? செய்திகளில் தலைவர்கள் மறுபடியும் அந்த ஆயுதத்தின் பெயரைச் சொல்லி ஒருவரையொருவர் மிரட்டிக்கொண்டிருக்கிறார்கள். அதைக் கேட்டுக்கொண்டு உறையையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன்.

இப்போது எழுதிவிட்டேன் அண்ணே. அப்பா, அம்மா, பெரியப்பா, பத்துப் பேர், பிறகு நீ. பாதியில் எழுந்து போனவருக்கு அடுத்த கோட்டில் உன்னை எழுதினேன். உனக்கு அங்கே உறுத்தும், உறுத்தட்டும். எல்லாரும் குடும்பம் என்ற அந்த ஓர் இடத்துக்குக் கீழேதான் இருக்கிறீர்கள். தெரசா அக்காவிடம் நான் சொன்னது பொய் இல்லை போலிருக்கிறது.

பதினான்கு பெயர்கள். ஆறு கோடுகள் மிச்சம். வழக்கமாக அவற்றைக் குறுக்கே அடித்துவிட்டுத்தான் கொடுப்பேன். இந்த முறை அடிக்கவில்லை. நீ போட்ட கணக்கில் சாக வேண்டியவர்களுக்கு அந்த இடம். அவர்கள் இன்று எங்கேயோ சந்தையில் மீன் வாங்கிக்கொண்டிருப்பார்கள், பிள்ளைக்குத் தலை வாரிக்கொண்டிருப்பார்கள்.

நான் இருக்கும்வரை ஒவ்வொரு நவம்பரிலும் உன்னை எழுதுவேன், அந்தப் பத்துப் பேரையும் எழுதுவேன், அந்தக் கோடுகளைக் காலியாக விட்டுக் கொடுப்பேன். காலியாகவே இருக்கட்டும் என்று முழங்காலில் நின்று வேண்டிக்கொள்வேன். எனக்கு இப்போதே முட்டி வலி. நீ செய்துவிட்டுப் போனது என்னைவிட நெடுநாள் இருக்கும். எனக்குப் பிறகு யார் வேண்டுவார்கள் என்று எனக்குத் தெரியவில்லை, அண்ணே.

அன்று போனை எடுக்காத,
இன்று பேனா எடுத்திருக்கும் உன் தங்கை,
பாப்பா