உண்ணி ஏறிய சுவர்

இன்று காலை ஆஸ்பத்திரி வராந்தாவில் வந்து படுத்த நாயின் காதைத் தடவியபோது விரலில் ஒன்று தட்டுப்பட்டது. ரத்தம் குடித்து ஆமணக்கு விதை அளவுக்கு உப்பிய உண்ணி. இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து மெல்ல இழுத்து, ஸ்பிரிட் கிண்ணத்தில் போட்டேன். அதன் கால்கள் கொஞ்ச நேரம் அசைந்து ஓய்ந்தன. அதற்குப் பிறகு வந்தவர்களுக்குப் புண் கட்டினேன், மருந்து ஊற்றிக் கொடுத்தேன். மனசு மட்டும் துரை பங்களாவுக்குப் பின்னாலிருந்த நாய்க்கொட்டகைக்குப் போய்விட்டது. நீர் போய்ப் பன்னிரண்டு வருஷம் ஆகிறது.

உமக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஊரிலிருந்த உம் மனைவிக்கு நீர் சொல்லச் சொல்ல நான்தான் கடிதம் எழுதுவேன். இதை நானே சொல்லி நானே எழுதுகிறேன்.

நீரும் நானும் ஒரே வயசு. இருவரும் திருநெல்வேலிச் சீமையிலிருந்து சூரியநெல்லிப் பக்கம் மலையேறியவர்கள். மிஷன் பள்ளியில் படித்த கொஞ்சம் இங்கிலீஷ் எனக்குத் தேயிலைத் தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரெஸ்ஸர் வேலையை வாங்கித் தந்தது. நீர் தோட்டத்து வெள்ளைக்காரத் துரையின் வேட்டை நாய்களுக்குச் சோறாக்கிப் போட்டு, குளிப்பாட்டி, காட்டுக்குக் கூட்டிப் போகிறவர். கூலியாட்கள் குடியிருக்கும் லயத்தில் யாரும் உம் பெயரைச் சொன்னதில்லை. நாய்க்காரன் என்றுதான் சொல்வார்கள். நானும் முதலில் அப்படித்தான் சொன்னேன்.

ஒருநாள் ஆஸ்பத்திரி வாசலில் வந்து நின்றீர். காய்ச்சலா என்று கேட்டேன்.

"மருந்து வேண்டாம்வே. வாய் அகலமா ஒரு காலிக் குப்பி இருக்கா?"

கொயினா மாத்திரை இருந்த குப்பியைக் கழுவிக் கொடுத்தேன். நாயிடமிருந்து எடுத்த பெரிய உண்ணி ஒன்றை அதில் போட்டு, பஞ்சால் அடைத்து, என் ஜன்னல் ஓரத்திலேயே வைத்துவிட்டுப் போனீர். கொட்டகையில் வைத்தால் நாய் தட்டிவிடுமாம். நான் சிரித்தேன். ஆனால் நாலைந்து நாள் கழித்து அது முட்டையிடத் தொடங்கியபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை. கசகசாவைக் கொட்டியதுபோல் பழுப்பாக, பளபளவென்று, தன்னைவிடப் பெரிய குவியலாக இட்டது. இட்டு முடித்ததும் தாய் சுருங்கிச் செத்தது. சில வாரம் சென்று அந்தக் கசகசாவெல்லாம் நடக்க ஆரம்பித்தது. ஆஸ்பத்திரி பூதக்கண்ணாடியை வைத்து நீரும் நானும் கால்களை எண்ணினோம்.

"ஆறு" என்றேன்.

"ஒழுங்கா எண்ணும்வே. பெருசுக்கு எட்டுல்லா இருக்கு?"

திரும்ப எண்ணினோம். ஆறுதான். வளர்ந்த பிறகுதான் மற்ற இரண்டு கால் முளைக்கிறது என்பதை நாங்களாகவே கண்டுபிடித்தபோது, ஏதோ புதையல் எடுத்தவர்கள்போல் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். 

இன்னொரு குப்பியில் பசித்த உண்ணிகளை அடைத்து வைத்தீர். மாதங்கள் போயும் அவை சாகவில்லை. ஊதினால் போதும், முன்கால்களைத் தூக்கிக்கொண்டு எழுந்து நிற்கும். ஒவ்வொரு நாளும் வந்து பார்த்துவிட்டு ஒருநாள் சொன்னீர்: "ரத்தம் குடிக்க மட்டுந்தான்வே நாய்கிட்ட வருது. குடிச்சதும் கீழ விழுந்துருது. தோலு உரிக்க, முட்டை போட எல்லாத்துக்கும் அதுக்கு வேற வீடு இருக்கு. அது எங்கனன்னுதான் தெரியல."

அந்த வருஷக் கோடையில்தான் துரையின் நாய்கள் விழுந்தன. கப்பலில் வந்த நாய்கள். முதலில் தின்னாமல் படுத்தன. உடம்பு கொதித்தது, ஈறு வெளுத்துப் போயிற்று, மூத்திரம் கறுப்புக் காப்பி மாதிரி இறங்கியது. ஒன்றன்பின் ஒன்றாக மூன்று செத்தன. மூன்றாவது நாயின் தலையை மடியில் வைத்துக்கொண்டு கொட்டகைத் தரையில் துரை உட்கார்ந்திருந்ததை நானே பார்த்தேன். மறுநாள் உத்தரவு வந்தது: லயத்து நாய்கள்தான் வியாதியைக் கொண்டுவருகின்றன, ஞாயிற்றுக்கிழமை எல்லாவற்றையும் சுட்டுவிட வேண்டும். பிடித்துக் கட்டும் வேலை உமக்கு. உம்மைக் கண்டால்தானே அவை வாலை ஆட்டிக்கொண்டு வரும்.

சனிக்கிழமை மத்தியானம் ஓடிவந்தீர்.

"வாரும்வே, துரைகிட்டப் போவோம். லயத்து நாயி ஒண்ணுகூட கொட்டகைப் பக்கம் வந்ததில்ல. நோவக் கொண்டாந்த உண்ணிக பூராவும் கொட்டகைக்கு உள்ளதான் கெடக்கு. நான் சொல்லுதேன், நீரு அதை இங்கிலீசுல சொல்லும். அது போதும்."

நான் கட்டுத்துணியைச் சுருட்டிக்கொண்டே, "உத்தரவு போட்ட பிறகு நாம போய் நின்னா என் வேலை போயிரும்" என்றேன்.

நீர் கோபப்படவில்லை. "சரி, இரும்" என்று மட்டும் சொல்லிவிட்டு, ஜன்னலிலிருந்த குப்பியை எடுத்துக்கொண்டு போனீர்.

அன்று சாயங்காலம் தலையெல்லாம் சுண்ணாம்புத் தூளோடு வந்து ஆஸ்பத்திரிப் படியில் உட்கார்ந்து நடந்ததைச் சொன்னீர். துரையைக் கும்பிட்டுக் கொட்டகைக்குக் கூட்டிப்போயிருக்கிறீர். நாய்க்குக் கூழ் காய்ச்சும் அடுப்புக்கு மறுபக்கச் சுவர், எப்போதும் கதகதவென்று இருக்கும். கீழே விழுந்த உண்ணிகள் அதில் ஏறுவதை முந்தின ராத்திரிதான் பார்த்திருந்தீராம். கடப்பாறை நுனியை அதன் வெடிப்பில் கொடுத்துத் தெண்டினீர். காரை பெயர்ந்து விழுந்தது. உள்ளே குஞ்சும் பெரிசும் உரித்த தோலும் முட்டையுமாக, மண்ணே தெரியாமல் அப்பிக் கிடந்தன. சூட்டைத் தேடி, வெடிப்பு வெடிப்பாகக் கூரை வரைக்கும் ஏறியிருந்தன. குப்பியை ஒரு கையில் தூக்கிக் காட்டி, மறு கையால் சுவரைக் காட்டினீர். "நோவு லயத்துல இல்ல தொரை. இங்கன இருக்கு."

"தொரை என்ன சொன்னார்?"

"ரெண்டு எட்டு பின்னால போயி மேலயே பாத்துக்கிட்டு நின்னாரு. அப்புறம் ரெண்டு விரலக் காட்டினாரு. ரெண்டு வாரம்னு அரைகுறைத் தமிழ்ல சொன்னாரு. அதுக்குள்ள நாயிக்குச் சுகமாகணும்; இல்லன்னா சுடுவாங்களாம்."

நான் தலையைக் குனிந்துகொண்டேன். நீர் என் முழங்காலில் தட்டி, "நீரு வந்திருந்தா ரெண்டு வார்த்த கூடச் சொல்லிருக்கலாம். அவ்வளவுதான்வே" என்றீர். திட்டியிருந்தால்கூட இந்நேரம் மறந்திருப்பேன்.

அந்த இரண்டு வாரமும் நீர் உட்கார்ந்து நான் பார்க்கவில்லை. படுக்கைச் சாக்குகளையெல்லாம் கொளுத்தினீர். காரை முழுவதையும் உரித்து, வெடிப்புகளில் மண்ணெண்ணெய் ஊற்றித் தீக்காட்டி, புதிதாகப் பூசிச் சுண்ணாம்பு அடித்தீர். காலையும் மாலையும் ஒவ்வொரு நாயாகப் படுக்கவைத்து, காது, அக்குள், விரலிடுக்கு என்று உண்ணி எடுத்தீர். என் வெட்கத்துக்குப் பரிகாரமாக நானும் மாலை வேலை முடிந்ததும் இடுக்கியோடு வந்து உட்கார்ந்தேன். உமக்கும் ஒன்று கொடுத்தேன்.

"இதை வச்சு எடுத்தா பொங்கலுக்குத்தான்வே முடியும்" என்று திருப்பிக் கொடுத்தீர். பிடுங்கி இரண்டு கட்டைவிரல் நகத்துக்கும் நடுவில் வைத்து நசுக்குவீர். உம் விரலெல்லாம் ரத்தம். அதே கையால் வியர்வையைத் துடைப்பீர், கண்ணைக் கசக்குவீர். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். அதில் ஆபத்து இருப்பது எனக்கும் தெரியாது.

தவணைக்குள் ஒரு நாய்கூடச் சாகவில்லை. நோவில் படுத்திருந்த வேறு இரண்டும் எழுந்து கூழ் குடித்தன. லயத்து நாய்களைச் சுட வேண்டாம் என்று தோட்டத்து வேலையை மேற்பார்க்கும் கண்டக்டர் வந்து சொன்ன அன்று, நீர் தலைவலி என்று படுத்தீர்.

மலைக்காய்ச்சல் என்று நினைத்துக் கொயினா கொடுத்தேன். காய்ச்சல் இறங்கவில்லை. நாலாம் நாள் மணிக்கட்டிலும் கணுக்காலிலும் சிவப்புப் புள்ளி கிளம்பியது. பிறகு உள்ளங்கை, உள்ளங்கால். லயத்துப் பெண்கள் அம்மை போட்டிருக்கிறது என்று சொல்லி, மலையடிவாரத்துப் போடியிலிருந்து வந்தவர் கொண்டுவந்த காய்ந்த வேப்பிலையை உம் தலைமாட்டில் வைத்தார்கள். வாரத்துக்கு ஒருநாள் வரும் டாக்டரும் புள்ளியைப் பார்த்துவிட்டு, கொயினாவையே தொடரச் சொன்னார். நான் அளவைக் கூட்டினேன். உமக்குக் காது அடைத்து இரைந்தது, வாந்தி வந்தது. வேண்டாம் என்று முகத்தைத் திருப்பினீர். நான்தான் தாடையைப் பிடித்துக் கரைத்து ஊற்றினேன்.

கடைசியில் தெளிவாகப் பேசியது ஒரே ஒரு தடவை. "கூரை மூலையில ஒரு வெடிப்பு விட்டுப்போச்சு. பூசிரும்வே."

பூசினேன். நான் திரும்பி வருவதற்குள் நீர் போய்விட்டீர்.

நாய்க்காரன் என்று சொன்ன அத்தனை பேரும் மண் போட வந்தார்கள். நாய் உயிர்தப்பிய ஒவ்வொரு வீட்டிலிருந்தும் யாராவது ஒருவர் வந்தார். துரை தொப்பியைக் கழற்றிக்கொண்டு தூரத்தில் நின்றார். அன்று உம் மனைவிக்கு எழுத உட்கார்ந்தபோதுதான், முதன்முறையாக நீர் சொல்லாமல் எழுத வேண்டியிருந்தது. என்ன வியாதி என்று எழுதுவது? மலைக்காய்ச்சல் என்று எழுதினேன். அது பொய் என்பதும் எனக்குத் தெரியாது.

சில வருஷம் கழித்து வேறொரு டாக்டர் ஆஸ்பத்திரியைப் பார்வையிட வந்தார். பேச்சுவாக்கில் உம்மைப் பற்றிச் சொன்னேன். அவர் நிமிர்ந்து, "உள்ளங்கையிலும் புள்ளி இருந்ததா?" என்று கேட்டார். நாய் உண்ணியிலிருந்து மனிதருக்கு வரும் ஜுரம் ஒன்று உண்டு, கடித்தாலும் வரும், நசுக்கிய கை புண்ணிலோ கண்ணிலோ பட்டாலும் வரும் என்றார். நாய்களைக் கொன்ற நோய் வேறு, இது வேறு; இரண்டையும் சுமப்பது அதே பூச்சி. என் முகத்தைப் பார்த்துவிட்டு, "தெரிந்திருந்தாலும் நீ என்ன செய்திருப்பாய்? இதற்கு இன்னும் மருந்து இல்லை" என்றார். ஆறுதலுக்குத்தான் சொன்னார். மருந்து இல்லைதான். ஆனால் தெரிந்திருந்தால் உமக்கு அந்தக் கசப்பையாவது ஊற்றாமல் இருந்திருப்பேன். உண்ணியை நசுக்க விடாமல் உம் கையையாவது தட்டிவிட்டிருப்பேன்.

அன்றிலிருந்து காய்ச்சல் என்று யார் வந்தாலும் நாடி பார்ப்பதற்கு முன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்க்கிறேன். போன வாரம் கொழுந்து எடுக்கும் பெண் ஒருத்தி காய்ச்சலோடு வந்தாள். இரண்டு கைகளையும் வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் பயந்துபோய், "ரேகையா பாக்கிய ஐயா? ஆயுசு கெட்டியா?" என்று கேட்டாள்.

தேயிலைக் கறை படிந்த கை. புள்ளி ஒன்றும் இல்லை.

"கெட்டிதான் தாயி" என்றேன். கையை விட மட்டும் எனக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.