எந்தத் துல்லியா?

1995 ஜனவரி 17, செவ்வாய்

இந்த வேலை தொடங்கி இன்றோடு மூன்று வாரம். மொன்ட்ரியாலில் பார்க் ஸ்ரேசனில் மெற்றோ ஏறி, இரண்டு இடத்தில் மாறி, லொங்குய்ய் போய்ச் சேர ஒரு மணித்தியாலம். வெளியே மைனஸ் இருபத்தாறு.

மொசியூ அல்பேட்டுக்கு எழுபத்தெட்டு வயது. சென்ற கோடையில் பாரிசவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. பேச்சும் போய்விட்டது. இல்லை என்பதற்கு "நொன்", நல்லது என்பதற்கு "பொன்" என்று இரண்டு பிரெஞ்சுச் சொல்தான் மிச்சம். மற்றதெல்லாம் அர்த்தமில்லாத சத்தம் என்று டொக்டர் சொன்னதாக மகள் யோசெப்பின் முதல் நாளே சொன்னார். குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, சாப்பாடு கொடுத்து, நாலு மணிக்கு அயல்வீட்டு அம்மாவிடம் ஒப்படைத்துவிட்டு வருவது என் வேலை.

இன்று குளிக்க வைப்பதற்காகத் தூக்கும் இயந்திரத்தின் பட்டியை அவருடைய கக்கத்துக்குள்ளால் போட்டேன். உடம்பில் துணி இல்லை. தலையைக் குனிந்துகொண்டு "கோடியோம்" என்றார். மூன்று வாரமாக இதே இடத்தில் இதே சத்தம். இன்றுதான் அது என் காதில் சரியாக விழுந்தது.

கோடியம் கணவாய். கி.மு. 321. சம்னைற்றுகள் உரோமப் படையை அதற்குள் மடக்கி, ஆயுதத்தையும் உடுப்பையும் களையச் சொல்லி, ஈட்டிகளால் கட்டிய நுகத்தின் கீழ் ஒவ்வொருவராகக் குனிந்து போகவைத்த இடம். யாழ்ப்பாணத்தில் பதினெட்டு வருசம் ஏ.எல். வகுப்புக்குக் கிரேக்க உரோம நாகரிகம் படிப்பித்தவன் நான். வருசா வருசம் அந்த நுகத்தைக் கரும்பலகையில் கீறியிருக்கிறேன்.

"சம்னைற்?" என்று கேட்டேன்.

இடக்கையால் என் மணிக்கட்டைப் பிடித்தார். நெடுநேரம் விடவில்லை.

பட்டியைக் கழற்றினேன். பெரிய துவாயால் போர்த்தி, நானே தாங்கிப் பிடித்து இறக்கினேன். முதுகு இப்போது வலிக்கிறது.

ஜனவரி 18

அலுமாரி முழுக்க உரோமர். யோசெப்பினுக்கு போன் எடுத்துக் கேட்டேன். இவரும் வாத்தியார்தானாம். ஒரு கல்லூரியில் முப்பத்துநாலு வருசம் இதே பாடம்.

ஜனவரி 24

இதுவரை பிடிபட்டவை:

பேபியஸ் — சூப்பை நான் அவசரமாக ஊட்டும்போது சொல்வது. உரோமைத் தாக்க வந்த அனிபாலோடு நேருக்கு நேர் சண்டைக்குப் போகாமல் நாளைக் கடத்தியே நாட்டைக் காப்பாற்றிய தளபதி. மெதுவாகத் தா என்று அர்த்தம்.

கப்புவா — ஹீற்றருக்குப் பக்கத்துச் சாய்மனைக் கதிரை. அனிபாலின் படை ஒரு குளிர்காலம் சொகுசாகக் கிடந்த நகரம். அதிலிருந்து எழுப்பினால் கோபம் வரும்.

கன்னே — படுக்கை நனைந்துவிட்டால். உரோமின் ஆகப் பெரிய தோல்வி. அதைச் சொல்லும்போது சிரிக்கவும் செய்கிறார்.

இந்த மனுசனுக்கு மூளை குழம்பவில்லை. சொற்கள் இருந்த அறை பூட்டிக்கொண்டுவிட்டது, பெயர்கள் இருந்த அறை திறந்து கிடக்கிறது. அவ்வளவுதான்.

ஜனவரி 28, சனி

யோசெப்பின் ஷேர்புறூக்கிலிருந்து கார் ஓடிவந்தார். ஒவ்வொரு சனியும் வருகிறார். நாற்பத்தேழு வயதுக்குக் கண்ணின் கீழ் கறுப்பு அதிகம். நாங்கள் ஆங்கிலத்தில் பேசிக்கொள்வோம்.

பெப்ரவரி 23 மதிப்பீடாம். றோசா என்ற பேச்சுச் சிகிச்சையாளர் வருவார். தகப்பனுக்குப் புத்தி தெளிவில்லை என்று அறிக்கை வந்தால், மகள் வீட்டை விற்று அவரை முதியோர் இல்லத்தில் சேர்க்கலாம்.

"உங்கள் அப்பா சொல்வது உரோமப் பெயர்கள். அர்த்தத்தோடுதான் சொல்கிறார்" என்றேன்.

"அவர் எப்போதும் உரோமப் பெயர்தான் சொல்வார்" என்றார். "சாப்பாட்டு மேசையிலும். என் அம்மாவின் செத்தவீட்டிலும் உரோமில் யாரோ அழாமல் நின்ற கதையைத்தான் சொன்னார்."

பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார். "நான் உள்ளே போனால் துல்லியா, துல்லியா என்கிறார். யார் அது? வேறு ஒருத்தி இருந்தாளா?"

எனக்குத் துல்லியாவைத் தெரியும். அரசன் செர்வியஸ் துல்லியஸின் மகள். புருசனை அரசனாக்கத் தகப்பனைக் கொல்லவைத்து, தெருவில் கிடந்த பிணத்தின் மேலால் வண்டியை ஓட்டிப் போனவள். தன்னை வீட்டைவிட்டு வெளியேற்றப் பார்க்கும் மகளுக்கு இந்த மனுசன் வைத்திருக்கும் பெயர் அது.

தெரியாது என்று சொல்லிவிட்டேன்.

பெப்ரவரி 5

கொழும்பிலிருந்து மனைவி பாலாம்பிகை போன் எடுத்தாள். "இஞ்சருங்கோ, வேலைக் கடிதம் வந்தாத்தான் எங்கட விசா ஃபைல் நகருமாம். இன்னும் அனுப்பேல்லையோ?" பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு லொட்ஜில் இருக்கத் தொடங்கி இரண்டு வருசம். கடிதத்தை யோசெப்பின்தான் எழுதித் தர வேண்டும். தருகிறேன் என்று சொல்லியிருக்கிறார்.

பெப்ரவரி 12

இந்த வேலையை எடுத்துத் தந்த அம்புறோஸ் அண்ணையிடம், மதிப்பீட்டில் அந்தப் பெயர்களைப் பற்றிச் சொல்லலாமா என்று கேட்டேன்.

"அவை தேப்பனும் மகளும். உமக்கேன் அது? நீர் குளிப்பாட்டிப்போட்டு வாரும். கடிதம் கைக்கு வரட்டும், பேந்து கதைக்கலாம்" என்றார்.

நியாயம்தான்.

பெப்ரவரி 23, வியாழன்

றோசா இளம்பெண், இத்தாலியக் குடும்பம். படங்களைக் காட்டினார். கதிரை எது, குதிரை எது, இது எந்த வருசம். அல்பேட் முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டார். கதிரையைக் காட்டச் சொன்னது அவமானமாக இருந்திருக்கும். றோசா தாளில் எழுதத் தொடங்கினார். யோசெப்பின் சுவரில் சாய்ந்து நின்றார்.

வாயைத் திறக்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டுதான் போனேன்.

"மடாம், நான் ஒன்று கேட்கலாமா?" என்றேன், என் உடைந்த பிரெஞ்சில். அல்பேட்டுக்கு முன்னால் குந்திக் கேட்டேன். இந்தக் கதிரைக்கு என்ன பெயர்? கப்புவா. குளிக்கும் இயந்திரம்? கோடியோம். இந்தக் கேள்விகளை எப்படிக் கேட்க வேண்டும்? பேபியஸ். ஒவ்வொன்றுக்கும் கதையைச் சொன்னேன். றோசா பேனையை வைத்துவிட்டு, ஆம் இல்லை என்று தலையாட்டும்படியான கேள்விகளைத் தானே கேட்டார். பதினைந்துக்குப் பதினைந்தும் சரி. முன் தாளைக் கிழித்துவிட்டார். "இவருக்கு எல்லாம் விளங்குகிறது. எங்கே இருப்பது என்று இவரிடம்தான் கேட்க வேண்டும். அதற்கு மார்ச் நாலாம் தேதி வருகிறேன்" என்றார்.

அதோடு நின்றிருக்கலாம். பதினெட்டு வருசம் படிப்பித்த பாடம் இந்த நாட்டில் முதல் தரம் ஒருவருக்குப் பயன்பட்டது. எனக்குத் தலை கொழுத்துவிட்டது.

வாசலில் யோசெப்பின் கேட்டார். "அப்போ துல்லியாவும் உங்களுக்குத் தெரியும்."

சொன்னேன். வண்டி, தெரு, பிணம், எல்லாம். வகுப்பில் சொல்வதுபோல.

 அவர் கையுறையைப் போட்டார், ஒரு விரல் மாறிப்போய் மீண்டும் கழற்றிப் போட்டார். காரை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

ஏன் சொன்னன்? ஆர் கேட்டது அந்தப் பிணத்தை? சனிக்குச் சனி நூற்றைம்பது கிலோமீற்றர் பனிக்குள்ளால ஓடி வாற மனுசிக்கு — சொல்ல வேறொண்டும் இல்லையோ எனக்கு? கடிதமும் இல்லை. பாலாம்பிகைக்கு என்ன சொல்லப்போறன்.

பெப்ரவரி 25

சனி. யோசெப்பின் வரவில்லை. அல்பேட் பத்து மணியிலிருந்து யன்னலைப் பார்த்தபடி இருந்தார். மத்தியானச் சாப்பாட்டைத் தள்ளிவிட்டார். "துல்லியா?" என்றார், கேள்வியாக.

கொலைகாரியை யாராவது இப்படிக் காத்திருப்பார்களா?

பெப்ரவரி 27, திங்கள்

கேட்டுவிட்டேன். "துல்லியா — செர்வியஸின் மகளா?"

கண் பிதுங்கிவிட்டது. "நொன்! நொன்!" இடக்கையால் மேசையைத் தட்டினார். சூப் கொட்டியது. பிறகு வாயைக் கோணி, மூச்சுப் பிடித்து, மூன்றாம் முயற்சியில் சொன்னார்: "துல்லியோலா."

அந்தச் சொல் எனக்குத் தெரியாது. அலுமாரியைக் கைகாட்டினார். இரண்டாம் தட்டு, சிவப்பு அட்டை. தானே பக்கத்தைப் புரட்டினார்.

உரோமில் இன்னொரு துல்லியா இருந்தாள். குடியரசின் கடைசிக் காலத்துப் பெரும் பேச்சாளன் ஒருவனின் மகள். தகப்பன் உலகத்தில் எவரையும்விட அதிகம் விரும்பிய பிள்ளை. அவள் செத்தபோது அந்தப் பேச்சாளன் வீட்டைவிட்டுப் போய்க் காட்டுக்குள் ஒளிந்திருந்து அழுதான். கடிதங்களில் அவளைச் செல்லமாக "துல்லியோலா" என்பான் — சின்னத் துல்லியா.

இந்தத் துல்லியா எங்கள் பாடத்திட்டத்தில் இல்லை. ஆனால் அது சாட்டாகாது. ஒரு பெயருக்கு ஒரு ஆளைத்தான் தெரியும் என்றால், தெரியாது என்று சொல்லியிருக்க வேண்டும். மாணவன் ஒருவன் இப்படி எழுதியிருந்தால் புள்ளியை வெட்டியிருப்பேன்.

மார்ச் 1

வேலையில் இருந்தபடியே யோசெப்பினுக்கு போன். நான் பிழையாகச் சொல்லிவிட்டேன் என்று தொடங்கி எல்லாவற்றையும் சொன்னேன்.  

"அப்பா என்னை ஒருநாளும் செல்லப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை" என்றார்.

"இப்போது கூப்பிடுகிறார்" என்றேன்.

மார்ச் 4, சனி

யோசெப்பின் கோட்டைக்கூடக் கழற்றாமல் கதிரைக்குப் பக்கத்தில் முழங்காலில் இருந்தார். "துல்லியா" என்றார் தகப்பன். "ஓம், அப்பா. நான்தான்" என்று பிரெஞ்சில் சொன்னார். நான் குசினிக்குள் போய்விட்டேன்.

றோசா வந்ததும் கேட்டார்: மொசியூ அல்பேட், எங்கே இருக்க விருப்பம்? இந்த வீட்டிலா?

அல்பேட் மகளைப் பார்த்தார். யன்னலைப் பார்த்தார். "தியோக்கிளேசியன்" என்றார்.

மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள்.

எனக்கு விளங்கியது. பேரரசன் தியோக்கிளேசியன். முடியை யாரும் பறிக்காமல், தானாகவே கழற்றி வைத்துவிட்டுக் கடற்கரைப் பக்கம் போய்த் தோட்டத்தில் முட்டைக்கோவா நட்டவன். திரும்பி வந்து ஆளச் சொல்லிக் கேட்டும் வராதவன். வீட்டை விட்டுவிடுகிறேன், மகளைப் பனிக்குள் ஓடவைக்க மாட்டேன் என்கிறார்.

அதை அப்படியே சொன்னால் எனக்கு வேலை இல்லை. விளங்கவில்லை என்றால் இன்னும் ஆறு மாதம் ஓடும். றோசா நம்புவார். யோசெப்பினும் நம்புவார். அல்பேட்டுக்கு மட்டும் தெரியும். அவர் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார், சோதனை மண்டபத்தில் மேற்பார்வைக்கு நிற்கிற ஆள்போல.

சொன்னேன். அல்பேட் ஒருதரம் மட்டும், மெதுவாகத் தலையை அசைத்தார். "பொன்."

யோசெப்பின்தான் அழுதார். போகும்போது மேசையில் ஒரு உறை வைத்துவிட்டுப் போனார். வேலைக் கடிதம். திகதி பெப்ரவரி 22 என்று இருந்தது. மதிப்பீட்டுக்கு முதல் நாளே எழுதி வைத்திருந்திருக்கிறார்.

மே 6

அல்பேட் ஷேர்புறூக்கில், மகளின் வீட்டிலிருந்து ஐந்து நிமிட நடையில் உள்ள இல்லத்தில். றோசா கேட்டபடி முப்பத்தெட்டுப் பெயர்களும் அர்த்தங்களும் கொண்ட பட்டியல் ஒன்று எழுதிக் கொடுத்திருக்கிறேன். அதில் இல்லாத பெயரைச் சொன்னால் தாதிமார் எனக்கு போன் எடுக்கிறார்கள். இந்தக் கிழமை மூன்று தரம். ஒன்று எனக்கும் தெரியாது; தெரியாது என்றே சொன்னேன்.

எனக்கு மொன்ட்ரியால்-நோரில் இன்னொரு இல்லத்தில் வேலை. றோசா சொல்லி எடுத்துத் தந்தது.

ஓகஸ்ட் 20, ஞாயிறு

மிராபெல் விமான நிலையம். விமானம் இரண்டு மணித்தியாலம் பிந்தியது. பாலாம்பிகை மெலிந்துவிட்டாள். பிள்ளைகள் என்னைவிட உயரம். யோசெப்பின் தன் காரைக் கொண்டுவந்திருந்தார்; கேட்டது நானல்ல, அவராகவே வந்தார்.

"இவ ஆர்?" என்று பாலாம்பிகை காதுக்குள் கேட்டாள்.

"நான் பாத்த வாத்தியாற்ற மகள்" என்றேன்.

வழியில் யோசெப்பின் ரோட்டைப் பார்த்தபடியே சொன்னார். போன ஞாயிறு அறைக்குள் போனபோது தகப்பன் "யோசெ" என்றாராம். பாதிதான். பிறகு மூச்சு வாங்கிவிட்டு, மிச்சத்தையும் சொன்னாராம்.

அந்தப் பெயருக்கு அர்த்தம் கேட்டு எனக்கு யாரும் போன் எடுக்கவில்லை.