பச்சைத் தரையில் ஒரு கோடு

திருவண்ணாமலை,
6-3-1983

சிரஞ்சீவி பலராமனுக்கு அப்பா எழுதிக்கொள்வது. நீயும் கஸ்தூரியும் பிலாயில் சுகமாக இருக்க அண்ணாமலையார் துணை. இங்கே நானும் அம்மாவும் வேளைக்குச் சாப்பிட்டு நடமாடிக்கொண்டிருக்கிறோம். நலம் என்று முழுசாக எழுதப் பேனா வரவில்லை, ஏன் என்று கீழே சொல்கிறேன், பதறாமல் படி.

தரை வேலை எப்படி முடிந்தது, பச்சை நிறம் அம்மாவுக்குப் பிடித்ததா என்று மூன்று கடிதங்களாகக் கேட்டுவிட்டாய். வேலையில் ஒரு குறையும் இல்லை. இருசப்பன் மேஸ்திரி பழைய தரையைக் கொத்தி எடுத்துவிட்டுப் புதுசாகக் கான்கிரீட் போட்டு, அதன்மேல் பச்சைப் பொடி கலந்த சிமெண்டைப் பூசிக் கரணையால் தேய் தேய் என்று தேய்த்தார். ஏழு நாள் ஈரச் சாக்கு போட்டு மூடி வைத்து, அப்புறம் கல்லால் மெருகேற்றித் தேங்காய் எண்ணெய் தடவித் துடைத்தார். உன் அத்தை உண்ணாமலை வந்து பார்த்துவிட்டு, இதுல முகம் பாத்துப் பொட்டு வெச்சிக்கலாம் போலிருக்குதே அண்ணா என்றாள். நாற்பது வருஷத்துக்கு அசையாது என்கிறார் மேஸ்திரி. நமக்கு எதற்கு அவ்வளவு, உன் பிள்ளைகளுக்கு ஆகட்டும்.

சாக்கு மூடியிருந்த நாளில் ஒன்று நடந்தது. அம்மா கூடத்து நிலைப்படியில் நின்றுகொண்டு, பச்சை ரொம்ப ஜோரா வந்திருக்குதுங்க என்றாள். தரையே கண்ணுக்குத் தெரியாமல் சாக்கு விரித்துக் கிடக்கிறது, இவள் பச்சையைப் பாராட்டுகிறாள். நான் கேலி செய்தேன், அவளும் சிரித்துவிட்டாள். எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும், உறைக்கவில்லை. வேலையெல்லாம் முடிந்து வெள்ளிக்கிழமை காலையில் உள்ளே நடந்தோம். அடுப்படிக்கு என்று கிளம்பியவள் நேராகச் சுவரில் போய் முட்டிக்கொண்டாள். வழுக்கிவிட்டதோ என்று ஓடினேன். வழுக்கவில்லை. அங்கேயே உட்கார்ந்துகொண்டு, எந்தப் பக்கம் அடுப்படினு தெரியலங்க என்றாள். பழைய தரையில் கூடத்து நடுவில் விரிசல், அடுப்படி வாசலில் குழி, தோட்டத்துக் கதவுப் பக்கம் ஒரு மேடு, இதையெல்லாம் காலால் தடவித்தான் ஒரு வருஷமாக நடந்திருக்கிறாள். நாம் எல்லாவற்றையும் ஒரே வழவழப்பாக ஆக்கிவிட்டோம். முப்பத்திரண்டு வருஷம் யூனியன் ஆபீசில் அடுத்தவன் போட்ட கணக்கில் பிழை கண்டுபிடித்தவன், ஒரே வீட்டில் இருந்துகொண்டு இதைக் கண்டுபிடிக்கவில்லை. வெட்கமாக இருந்தது பலராமா, அன்றைக்கு அழுதுவிட்டேன்.

மறுவாரமே வேலூருக்கு அழைத்துப் போய்க் காட்டினேன். கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பு கெட்டுப் போயிருக்கிறதாம். இடது கண் போய்விட்டது, வலது கண்ணில் நிழல் மாதிரி கொஞ்சம் தெரிகிறது. போனது திரும்பாது, இருப்பதைக் காப்பாற்றச் சொட்டு மருந்து போடச் சொல்லியிருக்கிறார்கள், தவறாமல் போடுகிறேன். பஸ்ஸில் வரும்போதே, அவனுக்கு எழுதாதீங்க, வேலைய வுட்டுட்டு ஓடி வந்துடுவான் என்று என் கையைத் தன் தலையில் வைத்துச் சத்தியம் வாங்கிக்கொண்டாள். ஒரு மாதம் காப்பாற்றினேன், இனி என்னால் ஆகாது. நீ கேட்கிற நிறத்துக்கு நான் எந்தப் பொய்யைச் சொல்வது?

மேஸ்திரியைத் திரும்ப வரவழைத்து, படுக்கையிலிருந்து அடுப்படி வரைக்கும், அங்கிருந்து தோட்டத்துக் கதவு வரைக்கும் கட்டைவிரல் அகலத்துக்கு உளியால் ஒரு கோடு கொத்தச் சொன்னேன். நான் போட்ட தரைய நானே கொத்தணுமா சார் என்று கோபித்துக்கொண்டார். காரணத்தைச் சொன்னதும் உட்கார்ந்து கொத்தினார், திரும்புகிற இடங்களில் அவராகவே இரட்டைக் கோடாகப் போட்டுக் கொடுத்தார். அம்மா இப்போது அதன்மேல் என்னைவிட வேகமாக நடக்கிறாள். வந்து பார்க்கும்போது தரையைக் கெடுத்துவிட்டான் என்று அந்த மனுஷனைத் திட்டாதே.

இதை எழுதும்போது அம்மா எதிரில் உட்கார்ந்து மொச்சை உரித்துக்கொண்டிருக்கிறாள். தரையைப் பத்தி எழுதிட்டீங்களா என்று இரண்டு தடவை கேட்டுவிட்டாள். முன்பெல்லாம் அவள் ஒரு தரம் படித்துப் பார்க்காமல் நம் வீட்டுக் கடிதம் தபால் பெட்டிக்குப் போனதில்லை. இன்றைக்கு அவள் முன்னாலேயே அவள் வேண்டாம் என்றதை எழுதுகிறேன், இதைவிடப் பெரிய திருட்டு நான் செய்ததில்லை. வேலையை விட வேண்டாம், சித்திரையில் லீவு கிடைத்தால் இருவரும் வாருங்கள், போதும். பதில் கடிதத்தில் கண்ணைப் பற்றி ஒரு வார்த்தையும் வேண்டாம். நான்தான் படித்துக் காட்டுகிறேன், நடுவில் எதையாவது விழுங்கினால் குரலை வைத்தே பிடித்துவிடுகிறாள்.

கஸ்தூரிக்கு எங்கள் இருவர் ஆசியும். வெயிலில் அலையாதே, நேரத்துக்குச் சாப்பிடு, நீங்கள் இருவரும் நிறைவாக வாழ வேண்டும். ஒன்று மறக்காதே. ஊருக்கு வரும்போதெல்லாம் சொல்லாமல் கொள்ளாமல் வாசலில் வந்து சிரித்துக்கொண்டு நிற்பாய், அம்மா பார்த்துவிட்டு ஓடி வருவாள். இந்தத் தடவை அப்படி நிற்காதே. வாய் திறந்து அம்மா என்று கூப்பிடு.

உன் அப்பா,
மு. கோதண்டராமன்