சுவரில் தம்பி, குரலில் அண்ணன்

போல்டன்
3 மார்ச் 2019

அன்புள்ள அண்ணன் ரஸ்ஸலுக்கு,

இங்கே நான், இவோன், கிர்ஸ்டி மூவரும் மழையோடு சௌக்கியம். அங்கே நீயும் உன் நாயும் காற்றோடு சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். ஃபோனை எடுக்கமாட்டாய் என்று தெரிந்ததால் பேனாவை எடுத்திருக்கிறேன். கையெழுத்தைப் பார்த்துச் சிரிக்காதே.

நாம் ஞாயிற்றுக்கிழமைகளில் பாடிப் பழகிய பல் டாக்டர் கட்டடம் ஞாபகம் இருக்கிறதா? அதன் பக்கச் சுவர் முழுக்க நம் சண்டே டென்டிஸ்ட்ஸ் குழுவை வரைகிறார்கள். நகராட்சி ஏற்பாடு. ஜூனில் திறப்பு விழா. அன்றைக்கு எதிரே இருக்கும் கார் நிறுத்துமிடத்தில் நாம் மூன்று பாட்டு வாசிக்க வேண்டுமாம். கிடார் மோஸ் இப்போதே முடிக்குச் சாயம் பூசிவிட்டான். பாலின் பேஸ் கிடாரைத் தூசு தட்டிவிட்டாள்.

இனிமேல்தான் வயிற்றெரிச்சல். போன வாரம் போய்ப் பார்த்தேன். மைக்கைப் பிடித்துக்கொண்டு இரண்டு மாடி உயரத்துக்கு நிற்பது யார்? நான்! நீ பின்னால் டிரம்முக்கு நடுவில் உட்கார்ந்திருக்கிறாய், உன் மூஞ்சியைத் தாளத்தட்டு மறைக்கிறது. வரைகிற பெண் ஹேஸல், நல்லவள். அவளிடம் கதை முழுவதையும் சொன்னேன். "அந்த டிவி நிகழ்ச்சியில எந்தக் குழுவும் நெசமா வாசிக்கக் கூடாதும்மா. அவங்க இசைத்தட்டைப் போடுவாங்க, நாங்க வாயசைக்கணும். மூணு நாள் தூங்காத கூத்து முடிஞ்சு நேரா அங்க போனோம். எங்கண்ணன் சொன்னான், 'எவனும் பாடப்போறதில்ல, எவன் எங்க நின்னா என்னடா'ன்னு. டிரம் அடிக்கிற நான் மைக்குக்குப் போனேன், பாடுற அவன் டிரம்முக்குப் போனான். அவ்வளவுதான் விஷயம்" என்றேன்.

அவள் ஏணியிலேயே உட்கார்ந்து சிரித்தாள். "ஆனா அங்கிள், அந்த வீடியோவைத்தானே நாடே பார்த்துச்சு?" என்றாள். உண்மைதான். நம் இசைத்தட்டு உறையில் ஆள் படமே கிடையாது, பல் செட்டு மட்டும்தான். கச்சேரிக்கு வந்தவர்களில் யார் மேடையைப் பார்த்தார்கள்? புகையில் கையைத் தூக்கிக்கொண்டு, கண்ணை மூடி ஆடிக்கொண்டிருந்தார்கள்.

நீ வந்து சொன்னால் மாற்றுவார்கள். வந்து பாடவும் வேண்டும். வா அண்ணா.

உன் தம்பி,
க்ளென்

*

ஸ்ட்ரோம்னஸ், ஆர்க்னி
17 மார்ச் 2019

என் அருமைத் தம்பி க்ளென்,

கடிதம் கிடைத்தது. இரண்டு மாடி உயரத்தில் உன் மூக்கு. அந்தத் தெருவுக்கு இனி மழைக்குக் குடையே தேவைப்படாது.

நான் சுகம். காலையில் பயணிகள் படகின் சமையலறையில் பன்றியிறைச்சியும் முட்டையும் பொரிக்கிறேன். மாலையில் நாயோடு நடக்கிறேன். போதை என்றால் இப்போது கெட்டித் தேநீர்தான். லீட்ஸில் வாசிக்க வேண்டிய நாம் ஆம்ஸ்டர்டாமில் கண் விழித்தோமே, அதை எண்ணிச் சில நாள் அடுப்படியில் தனியாகச் சிரிப்பேன். பாலின் கேட்டாளே, "லீட்ஸ்ல எப்பலேர்ந்துடா தெருவுக்குத் தெரு கால்வாய் ஓடுது?" என்று. நன்றாகத்தான் ஆடினோம் தம்பி. அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை.

படத்தை மாற்றாதே. முகம் உன்னுடையதாகவே இருக்கட்டும். அந்தக் குறும்பைத் தொடங்கியவனே நான்தான், உன்மேல் எனக்குக் கோபம் கிடையாது. ஆனால் பாட வரமாட்டேன். ஏன் என்று ஒருமுறை சொல்லிவிடுகிறேன், பிறகு கேட்காதே. அந்த டிவிக்குப் பிறகு கிளாஸ்கோவில் நடந்த நம் கடைசிக் கச்சேரியில் நான் மைக்குக்கு வந்தபோது முன்வரிசையில் ஒருத்தன் கத்தினான்: "யோவ், நீ எறங்குய்யா! பாடுறவனைக் கூப்பிடு!" எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஆனால் தொண்டை அன்றைக்கு அடைத்ததுதான். அதன்பிறகு குளிக்கும்போதுகூடப் பாடியதில்லை. வலித்தது தம்பி. இன்னும் கொஞ்சம் வலிக்கிறது. மற்றபடி நிம்மதியாக இருக்கிறேன்.

கிர்ஸ்டிக்கு என் முத்தம்.

அண்ணன்,
ரஸ்ஸல்

*

போல்டன்
8 ஏப்ரல் 2019

அன்புள்ள அண்ணனுக்கு,

கிளாஸ்கோ விஷயத்தைப் படித்துவிட்டு வெகுநேரம் வெளியில் நின்றேன். டிரம் சத்தத்தில் அவன் கத்தியது எனக்குக் கேட்கவில்லை. உனக்குப் பாட்டு அலுத்துவிட்டது என்றுதான் இத்தனை காலமும் நினைத்திருந்தேன். அவன் மட்டும் கிடைத்தால்! போகட்டும், அவனும் இப்போது முழங்கால் வலிக்காரனாகத்தான் இருப்பான்.

என் பாட்டையும் கேள். மீன் வறுவல் கடைக்குப் போனால் "வாங்க பாடகரே, வறுவலுக்குக் கிரேவி ஊத்தவா?" என்கிறார்கள். நான் நகராட்சியின் தெருக்கூட்டும் வண்டியை ஓட்டிப் போனால் பள்ளிக்கூடப் பிள்ளைகள் 'நாளைக்கு லீவு' பாட்டைப் பாடுகிறார்கள். அவர்களுடைய அம்மா அப்பா சமையலறையில் போட்டு ஆடிப் பழக்கியிருக்கிறார்கள். நாம் ஒரு மத்தியானத்தில் உளறிய பாட்டை ஊரே வெள்ளிக்கிழமை தோறும் பாடுகிறது! கேட்கும்போது எனக்கு உடம்பெல்லாம் பூரிக்கும். அடுத்த நொடி, அது நம்ம அண்ணன் குரல் ஆச்சே என்று தோன்றும்.

நகராட்சி அம்மாளிடம் படத்தை மாற்றச் சொல்லிப் பார்த்தேன். "ஊருக்குத் தெரிஞ்ச மூஞ்சி இதுதாங்க. மாத்தினா, யாரு இந்த ஆளுன்னு கேப்பாங்க" என்றாள். அதோடு விடவில்லை, 'க்ளென் என்ட்விசில் பாடுகிறார்' என்று சுவரொட்டியும் அடித்துவிட்டாள். அண்ணா, எனக்குப் பாட வராது! பாலின் கல்யாணத்தில் பிடிவாதமாகப் பாட வைத்தார்களே, மாப்பிள்ளை வீட்டு நாய் பந்தலைவிட்டு ஓடியது. நீ வராவிட்டால் அந்த நாயின் கதிதான் மொத்த ஊருக்கும்.

கிர்ஸ்டி சொல்கிறாள்: "பெரியப்பா வரலேன்னா நானே போயி, படகோட சேத்து இழுத்துட்டு வர்றேன்." அவள் செய்வாள். அவள் அம்மாவின் ரத்தம்.

உன்னையே நம்பியிருக்கும்,
க்ளென்

*

ஸ்ட்ரோம்னஸ்
2 மே 2019

தம்பி,

அந்த நாயை நினைத்து இரண்டு நாள் தூங்கவில்லை. வருகிறேன்.

ஆனால் ஒரு நிபந்தனை. டிவியில் நின்றபடியே நிற்போம். நீ முன்னால் மைக்கில் வாயசை. நான் பின்னால் உட்கார்ந்து, அங்கே இன்னொரு மைக் வைத்துக்கொண்டு பாடுகிறேன். தாளத்தை மின்சாரத் தாளப் பெட்டி பார்த்துக்கொள்ளும், அன்றைக்கும் பாதிக்கு மேல் அதுதானே வாசித்தது. தாளத்தட்டு என் மூஞ்சியை மறைக்கட்டும், படத்தில் இருப்பதுபோலவே. யாரிடமும் சொல்லக்கூடாது. கடைசிவரை நீதான் பாடகன். சம்மதமா?

ரஸ்ஸல்

*

போல்டன்
9 மே 2019

அண்ணா,

சம்மதம். இவோன் உனக்குக் கட்டில் போட்டுவிட்டாள். என் டிரம்மைத் தொடுமுன் கை கழுவு, உன் விரலெல்லாம் பன்றிக்கொழுப்பாக இருக்கும்.

க்ளென்

*

ஸ்ட்ரோம்னஸ்
30 ஜூன் 2019

அடேய் வாக்குத் தவறியவனே,

பத்திரமாக வந்து சேர்ந்தேன். இவோன் கட்டிக் கொடுத்த இறைச்சிப் பணியாரத்தை இன்வர்னஸ் வரும்முன்பே தீர்த்துவிட்டேன். அவளிடம் சொல், அதற்காகவே இன்னொருமுறை வருவேன்.

சரி, உன்னிடம் ஒரு நியாயம் கேட்கவேண்டும். கடைசிவரை வாயசைப்பது என்றுதானே பேச்சு? முதல் இரண்டு பாட்டிலும் ஒழுங்காகத்தான் இருந்தாய். மழையில் அத்தனை பேர் ஆடினார்கள். பாட்டிமார் வயதில் நம் பழைய ரசிகைகள், தோளில் பேரப்பிள்ளைகள். தாளத்தட்டின் இடுக்கில் எல்லாம் பார்த்தேன். என் குரல் உன் வாயிலிருந்து வருவதைப் பார்க்க எனக்கு உண்மையிலேயே சுகமாக இருந்தது. தொண்டை திறந்துகொண்டது. இதுவே போதும் என்று நினைத்தேன்.

'நாளைக்கு லீவு' கடைசிப் பல்லவியில் நீ என்ன செய்தாய்? வாயை மூடிக்கொண்டாய். இறுக்கி. கைகளை வேறு கட்டிக்கொண்டாய், பள்ளிக்கூடப் படம் எடுக்க நிற்பவனைப்போல. பாட்டு மட்டும் போய்க்கொண்டே இருக்கிறது! நான் நிறுத்தியிருக்கலாம். நிறுத்த வரவில்லை தம்பி. கூட்டம் ஒவ்வொருவராக ஆட்டத்தை விட்டுவிட்டு உன் வாயைப் பார்த்தது. ஒரு பொம்பளை கத்தினாள்: "ஐயோ, அந்தாளு பாடலப்பா! அப்ப யாரு பாடுறது?" நீ திரும்பி நடந்து வந்து, தாளத்தட்டைத் தண்டோடு பிடுங்கிக் கீழே வைத்தாய். "எங்கண்ணன்" என்றாய். அவ்வளவுதான் சொன்னாய்.

கிளாஸ்கோவில் சிரித்ததுபோல் இவர்களும் சிரிப்பார்கள் என்று ஒரு நொடி பயந்தேன். சிரிக்கத்தான் செய்தார்கள். ஆனால் சிரித்துக்கொண்டே என்னோடு சேர்ந்து பாடினார்கள். நான் அழுதேன். மழை என்று நீ சொல்லிக்கொள், நான் மறுக்கமாட்டேன்.

ஹேஸல் மறுநாளே ஏணியில் ஏறி அந்தத் தாளத்தட்டை அழித்து என் முகத்தை வரைந்துவிட்டாள் என்று கிர்ஸ்டி படம் அனுப்பியிருக்கிறாள். பெரிய மூஞ்சி நீயே, சின்ன மூஞ்சி நான். இப்படியே இருக்கட்டும். இதுதான் நடந்தது.

இன்று காலை முட்டை பொரிக்கும்போது என்னையறியாமல் பாடியிருக்கிறேன். படகின் மாலுமி எட்டிப்பார்த்து, "யாருய்யா ரேடியோ போட்டது? கொஞ்சம் சத்தமா வையி" என்றான்.

அக்டோபரில் இங்கே வா. டிரம்மைத் தூக்கிக்கொண்டு வராதே, படகில் வாளிகள் இருக்கின்றன.

உன் அண்ணன்,
ரஸ்ஸல்