தறியின் வலப்பக்கம் உட்கார்ந்தவளுக்கு

என் பிரியமுள்ள சரோஜாவுக்கு,

இருபத்திரண்டு வருஷம் உன்னை "இந்தாம்மா" என்று மட்டுமே கூப்பிட்டவன், இப்போது பேர் சொல்லி எழுதுகிறேன். கோபித்துக்கொள்ளாதே. போன வாரம் நம் விபத்துக் கேஸில் தீர்ப்பு வந்தது. ஜெயித்துவிட்டோம். ஆனால் அதைச் சொல்வதற்கு முன்னால், நான் பண்ணிய முட்டாள்தனத்தைச் சொல்லியாக வேண்டும்.

வாலாஜாபாத் ரோட்டில் நீ வந்த ஷேர் ஆட்டோ மேல் லாரி மோதிய அன்று, ஆஸ்பத்திரி வாசலில் ஒரு போலீஸ்காரர் என்னிடம் விவரம் கேட்டு எழுதினார். வயது கேட்டார், சொன்னேன். என்ன வேலை என்றார். "வேலைக்கெல்லாம் போவலீங்க, வீட்ல சும்மாதான் இருந்துச்சு" என்றேன். கையெழுத்தும் போட்டேன்.

யாரைப் பற்றிச் சொன்னேன் பார். சோறு வடித்து, பிள்ளையைக் காலேஜுக்கு அனுப்பிவிட்டு, ஒன்பது மணிக்கெல்லாம் தறியில் என் வலப்பக்கம் வந்து உட்கார்ந்தவளைப் பற்றி. நம் பிள்ளையார்பாளையத்து ஆம்பளைகள் எல்லோரும் இப்படித்தான் சொல்வோம். பெண்டாட்டியை வேலைக்கு அனுப்பவில்லை என்கிற கெத்து வேறு அதில்.

நம் வக்கீலம்மா அந்தத் தாளைப் படித்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். "என்னாங்க இப்டி பண்ணி வெச்சிருக்கீங்க? கோர்ட்டு என்ன பாக்கும்? இறந்தவங்க வயசு, சம்பாத்தியம், அவங்கள நம்பி எத்தினி பேரு. வீட்டு வேலைக்கும் இப்ப ஒரு மதிப்பு போடுவாங்க, இல்லன்னு சொல்லல. ஆனா அவங்க தொழில் தெரிஞ்ச நெசவாளிங்க. அத நீங்களே இல்லன்னு எழுதிக் குடுத்துட்டு வந்து நிக்கிறீங்க."

நம் மகள் தேவி அங்கேயே என்னை முறைத்தாள். "பணம் வந்தா வருது, வராட்டி போவுது. எங்கம்மா சும்மா இருந்தாங்கன்னு மட்டும் தீர்ப்புல வரக்கூடாதுப்பா" என்றாள். உன் கோபம் அப்படியே அவளிடம் இருக்கிறது.

நான் கூண்டில் ஏறிய அன்று, இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் அதே தாளைத்தான் நீட்டினார்.

"இது நீங்க சொன்னதுதானே?"

"ஆமாங்க. தப்பா சொல்லிட்டேன்."

"இப்ப நஷ்டஈட்டுக்காக மாத்திச் சொல்றீங்க. கூலி பாஸ்புக்குல யார் பேரு இருக்குது?"

"என் பேருதாங்க. பேரு ஒண்ணு, கை நாலு."

வாயில் தானாக வந்துவிட்டது சரோஜா. நீதிபதி ஐயா நிமிர்ந்து பார்த்தார். அது எப்படி என்று அவரே கேட்டார். எனக்குத் தைரியம் வந்துவிட்டது. "கோர்வைச் சேலைங்க. உடம்பு ஒரு நெறம், கரை வேற நெறம். இடது கரைக்கும் உடம்புக்கும் ஊடை நூல் ஓட்டுற நாடாவ நான் தள்ளுவேன். வலது கரைக்கு எம் பொண்டாட்டி தள்ளணும். ஒவ்வொரு இழையிலயும் ரெண்டும் கோத்துக்கணும். ஒத்த ஆளா நெய்யவே முடியாதுங்க. அது போன அன்னிக்கு தறியில பாதிச் சேலை நின்னுச்சு" என்றேன்.

அடுத்த சாட்சி அம்சா. உன் இடத்தில் உட்கார ஓரிக்கையிலிருந்து நான் கூலிக்கு அழைத்துவந்த பெண். நீ அவளைப் பார்த்ததில்லை. அந்த இடத்தில் உட்கார்ந்து அவள் என்னதான் செய்கிறாள் என்று கேட்டு, கம்பெனி வக்கீல் அவளை மடக்கப் பார்த்தார். அவள் அசரவில்லை.

"அந்தம்மா செஞ்சதத்தாங்க நானும் செய்றேன். நான் கூலி வாங்குறேன், அவங்க வாங்கல, அவ்ளோதான். ஆனா அவங்க கை எனக்கு இன்னும் வரல. கரை சேர்ற எடத்துல இழை தப்பிக்கினே இருக்குது."

அந்த வக்கீல் ஃபைலை மூடிவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

தீர்ப்பு இங்கிலீஷில் இருந்தது. தேவிதான் தமிழில் சொன்னாள். இறந்தவர் பட்டு நெசவில் தேர்ந்த தொழிலாளி, கூலி கணவர் பெயரில் வந்தாலும் உழைப்பு அவருடையதும்தான் என்று எழுதியிருக்கிறார்கள். மறுபடி படி என்றேன். மூன்று தரம் படிக்கவைத்தேன். தெருவில் பார்த்தவர்களிடமெல்லாம் சொன்னேன். கம்பெனிக்காரர்கள் மேல்முறையீடு போனாலும் போவார்களாம். போகட்டும், அங்கேயும் வந்து சொல்கிறேன்.

ஒன்றுதான் மனசை அறுக்கிறது. முன்பின் தெரியாத நீதிபதி எழுதிய இந்த ஒரு வரியை, பக்கத்திலேயே உட்கார்ந்திருந்த நான் ஒரு நாளாவது உன் முகத்தைப் பார்த்துச் சொன்னேனா? சொல்லியிருந்தால் நீ என்ன சொல்லியிருப்பாய்? "வேலையப் பாருய்யா" என்றிருப்பாய். இருந்தாலும் சொல்லியிருக்கலாம்.

அம்சாவுக்கு நெசவாளர் அட்டை கேட்டு, அவள் பேரிலேயே மனு கொடுத்திருக்கிறோம். உனக்கு வாங்கித்தர எனக்குத் தோன்றவே இல்லை. இனி எந்த ஆபீஸில், எந்தக் கல்யாண வீட்டில், யார் கேட்டாலும் உன் தொழிலைச் சரியாகச் சொல்வேன். இது சத்தியம்.

இப்படிக்கு,
பட்டு நெசவாளர் சரோஜாவின் வீட்டுக்காரன்,
ஏகாம்பரம்